ஜப்பானின் கிராஃப்ட் பீர் பற்றித் தனியாளாக ஆவணப்படம் எடுப்பது எப்படி: முழுமையான வழிகாட்டி

ஒரு கேமரா, ஒரு மொழிபெயர்ப்பாளர், இரண்டு மூன்று வாரம். இவ்வளவை வைத்துக்கொண்டு ஜப்பானில் கிராஃப்ட் பீர், அதாவது சிறிய அளவில் தயாரிக்கும் பீர், காய்ச்சும் ஒரு சின்ன ப்ரூவரியைப் படமெடுக்கக் கிளம்புகிறவர்களுக்கான வழிகாட்டி இது. கேமரா இயக்கத் தெரியும் என்று வைத்துக்கொண்டு எழுதப்பட்டிருக்கிறது.

முதன்முறை போகிறவர்களைக் கவிழ்ப்பது வேலையின் வரிசை. டிக்கெட் போட்ட பிறகு ப்ரூவரியைத் தேடுகிறார்கள். உள்ளே போன பிறகு விளக்கு துடிப்பதைக் கவனிக்கிறார்கள். ஊர் திரும்பிய பிறகு கையெழுத்து வாங்காதது நினைவுக்கு வருகிறது. ஆகவே கீழே உள்ள வரிசையை மாற்றாமல் போவது நல்லது.

1. டிக்கெட்டுக்கு முன்னால் தொட்டியின் தேதி

மிதமான வெப்பத்தில் வேகமாகப் புளிக்கும் ஏல் வகை பீர், மால்ட் (முளைகட்டி உலர்த்திய பார்லி) அரைக்கும் நாளிலிருந்து கேனில் அடைபடும் நாள்வரை சுமார் இரண்டு மூன்று வாரம் எடுக்கும். குளிரில் மெதுவாகப் புளிக்கும் லாகர் என்றால் பெரும்பாலும் ஐந்தாறு வாரம். பத்து நாள் பயணத்தில் ஒரு பீரின் முழுக் கதையையும் எடுத்துவிடலாம் என்று கணக்குப் போட்டால் பாதிக் கதைதான் கைக்கு வரும்.

ப்ரூவரியிடம் மூன்று தேதிகளை முதலில் கேளுங்கள்: காய்ச்சும் நாள், இரண்டாம் முறை ஹாப்ஸ் (பீருக்குக் கசப்பும் மணமும் தரும் கொடிப்பூ) போடும் நாள், கேன் அல்லது கெக் என்னும் பீப்பாயில் அடைக்கும் நாள். காய்ச்சும் வேலையை அங்கே ஷிகோமி என்பார்கள். இசகாயா என்னும் மதுக்கடையின் சமையலறையில் மாலைக்கு முன் காய் நறுக்கி, கோழியைக் குச்சியில் கோத்து வைப்பதற்கும் அதே சொல்தான். உணவகத்தோடு சேர்ந்த ப்ரூவரியில் "செவ்வாய் ஷிகோமி" என்று சொன்னால், எந்த ஷிகோமி என்று திருப்பிக் கேட்டுவிடுங்கள். கேட்காமல் போய், காய்ச்சும் கொப்பரைக்குப் பதில் வெங்காயத்தாளைப் படமெடுத்துத் திரும்பியவர்கள் உண்டு.

நாள் போதாது என்றால் இரண்டு தொட்டிகளைப் பின்தொடருங்கள். ஒன்றில் காய்ச்சும் வேலை நடக்கும்போது இன்னொன்று அடைக்கத் தயாராக இருக்கும். ஆனால் இரண்டையும் ஒரே பீராகக் காட்டி எடிட் செய்யாதீர்கள். தொட்டியின் எண், சுவரில் உள்ள வெள்ளைப் பலகை, மாஸ்கிங் டேப்பில் எழுதி ஒட்டிய தேதி எல்லாம் ஃபிரேமில் இருக்கும். பீர் தெரிந்தவர்கள் அதைத்தான் முதலில் படிப்பார்கள்.

2. மாதம், ஊர்

எந்த மாதம் என்பதை உங்கள் கதை தீர்மானிக்கட்டும். ஹாப்ஸ் அறுவடை வேண்டும் என்றால் ஆகஸ்ட் கடைசி. இவாத்தே மாகாணத்தின் தோனோ இதற்கு ஏற்ற ஊர். ஷின்கான்சென் அதிவேக ரயிலில் ஷின்-ஹனமாகி வரை போய், அங்கிருந்து கமாய்ஷி ரயில் பாதையில் மாற வேண்டும். பறித்த ஈர ஹாப்ஸ் சீக்கிரம் கெட்டுவிடும். உடனே உலர்த்த வேண்டும், இல்லையென்றால் உறைய வைக்க வேண்டும். அதனால் அறுவடையும் உலர்த்தலும் ஒரே நாளில் அடுத்தடுத்து நடக்கும். வயலில் அதிக நேரம் செலவழித்தால் உலர்த்தும் கூடத்தைத் தவறவிடுவீர்கள்.

அதே ஆகஸ்டில் சிக்கலும் உண்டு. 13 முதல் 16 வரை முன்னோரை நினைவுகூரும் ஓபோன் விடுமுறை, பலர் சொந்த ஊருக்குப் போய்விடுவார்கள். சூறாவளிக் காலமும் அதுதான். மூன்று நாளாவது உபரி வைத்துக்கொள்ளுங்கள்.

கோடை முழுக்க பீர் விற்பனை உச்சத்தில் இருக்கும், ப்ரூவருக்கு உங்களோடு பேச நேரம் இருக்காது. ஜனவரி, பிப்ரவரியில் கொஞ்சம் மூச்சு விடுவார்கள். ஆனால் சாகே என்னும் அரிசி மது தயாரிக்கும் பழைய வீடுகளே பீரும் செய்யும் இடங்களில் கணக்கு தலைகீழ். இபராகியில் ஹிட்டாச்சினோ நெஸ்ட் தயாரிக்கும் கியுச்சி ஷுசோ, நகானோவில் ஷிகா கோகென் பீர் தயாரிக்கும் தமாமுரா ஹோந்தென் இரண்டும் அப்படிப்பட்டவை. குளிர்காலம்தான் சாகேயின் பருவம். அங்கே "குளிரில் வருகிறேன்" என்று எழுதினால் கல்யாண வீட்டில் போய்ப் பேட்டி கேட்டதுபோல் ஆகும்.

ஒரே பயணத்தில் ஐந்து ப்ரூவரி என்று திட்டம் போடாதீர்கள். ஒன்று, அதிகம் போனால் இரண்டு. ஐந்து இடத்திலும் முதல் நாள் மரியாதைப் பேச்சு மட்டுமே கிடைக்கும். வேலை செய்கிறவர் கேமராவை மறப்பது மூன்றாம் நாளில்தான்.

3. கடிதம், தொலைபேசி, "யோசிக்கிறோம்"

இன்ஸ்டாகிராமில் ஒரு வரி அனுப்பிவிட்டுக் காத்திருப்பது வீண். அங்கே எதிர்பார்க்கப்படுவது கிகாகுஷோ என்னும் திட்டக் குறிப்பு. ஏ4 தாளில் ஒன்று அல்லது இரண்டு பக்கம், ஜப்பானிய மொழியில், படப்பிடிப்புக்கு இரண்டு மூன்று மாதம் முன்பே போய்ச் சேர வேண்டும்.

அதில் இருக்க வேண்டியவை: படம் எதைப் பற்றியது என்று மூன்று வரி, யார் எடுக்கிறார்கள், எத்தனை பேர் வருவார்கள், எந்தெந்தத் தேதி எத்தனை மணி நேரம், எந்த அறைகளுக்குள் போக வேண்டும், என்னென்ன சாதனம், படம் எங்கே காட்டப்படும், பணம் யாருடையது. கடைசி இரண்டையும் புதியவர்கள் விட்டுவிடுகிறார்கள். ப்ரூவரி முதலில் தேடுவது அவற்றைத்தான், ஏனென்றால் இது விளம்பரமா, செய்தியா, கலையா என்று அவர்கள் தங்கள் ஆட்களுக்குச் சொல்லியாக வேண்டும்.

மின்னஞ்சல் அனுப்பி ஒரு வாரம் கழித்து மொழிபெயர்ப்பாளரை விட்டுத் தொலைபேசியில் பேசச் சொல்லுங்கள். "கெந்தோ ஷிமாஸு", அதாவது யோசிக்கிறோம் என்று பதில் வந்து பிறகு ஓசையே இல்லை என்றால் அது மறுப்பு. "கொஞ்சம் கஷ்டம்" என்பதும் மறுப்புதான். மறுபடி மறுபடி கேட்காமல் வேறு இடம் பாருங்கள். "தேதியை மாற்ற முடியுமா" என்று அவர்களே கேட்டால் கதவு திறந்திருக்கிறது என்று பொருள்.

சம்மதம் கிடைத்ததும் உங்கள் காலணி அளவை சென்டிமீட்டரில் எழுதி அனுப்புங்கள். உள்ளே போக அவர்களுடைய ரப்பர் பூட்ஸ்தான் போட வேண்டியிருக்கும். சின்ன விஷயம்தான், ஆனால் ப்ரூவரிக்குள் எப்படி நடமாடுவது என்று தெரிந்தவர் வருகிறார் என்று அவர்களுக்குப் புரியும்.

4. விசா, சாமான், அனுமதி

இந்தியக் கடவுச்சீட்டுக்கு விசா வேண்டும். தற்காலிக வருகையாளர் என்ற தகுதியில் ஜப்பானில் சம்பளம் பெறும் வேலை செய்யக்கூடாது. யாராவது உங்களுக்குப் பணம் கொடுத்துப் படமெடுக்க அனுப்பினால், எந்த விசா பொருந்தும் என்று சென்னையில் உள்ள ஜப்பான் துணைத் தூதரகத்திடம் எழுத்தில் கேட்டுவிடுங்கள்.

விலையுயர்ந்த சாதனங்களுக்கு ஏடிஏ கார்நெட் (சாமானைத் தற்காலிகமாக வரியின்றி வெளிநாடு கொண்டுபோய்த் திரும்பக் கொண்டுவரும் சுங்க ஆவணம்) எடுக்கலாம். இந்தியாவில் அதைத் தருவது ஃபிக்கி என்னும் வணிகக் கூட்டமைப்பு. திரும்பி வரும்போது சுங்கத்தில் "இது இங்கிருந்தே கொண்டுபோனது" என்று நிரூபிக்க அது போதும். ஒரு கேமரா, இரண்டு லென்ஸ் மட்டும் என்றால் கார்நெட் செலவு தண்டம். கிளம்பும்போது விமான நிலையச் சுங்கத்தில் ஏற்றுமதிச் சான்று வாங்கிக்கொண்டாலே போதும்.

தெருவில் ட்ரைபாட் விரித்து நடமாட்டத்தை மறித்தால் அந்தப் பகுதிக் காவல் நிலையத்தின் சாலைப் பயன்பாட்டு அனுமதி வேண்டும். ரயில் நிலையம், கோயில், ஷின்தோ ஆலயம் ஒவ்வொன்றுக்கும் தனித்தனி அனுமதி. ஊர் ஊராக இருக்கும் ஃபிலிம் கமிஷன்கள் இதில் உதவும், தனியாளாகப் போகிறவருக்கும்தான்.

ட்ரோனை விட்டுவிடுங்கள். 100 கிராமும் அதற்கு மேலும் எடையுள்ள எதையும் பதிவு செய்ய வேண்டும், குடியிருப்பு அடர்ந்த பகுதியில் பறக்கவிடத் தனி அனுமதி வேண்டும். கிடைப்பதோ எல்லாப் படத்திலும் இருக்கும் அதே மலை, அதே வயல்.

5. பைக்குள் என்ன

ஒரு கேமரா, 24-70 லென்ஸ், 90 அல்லது 100 மில்லிமீட்டர் மேக்ரோ, சின்ன ட்ரைபாட், பேட்டரியில் ஓடும் ஒரு எல்இடி பேனல், ஷாட்கன் மைக், இரண்டு லேப்பல் மைக். தனியாளுக்கு இதற்கு மேல் சுமக்க முடியாது.

மின்சாரம் 100 வோல்ட். துளை இரண்டு தட்டைக் கம்பிக்கானது, மூன்றாவது துளை பெரும்பாலும் இருக்காது. நம் ஊர்ச் சார்ஜர்கள் 100 முதல் 240 வோல்ட் வரை ஏற்பதாக அச்சிட்டிருக்கும், ஆகவே பின் மாற்றி மட்டும் போதும். மாற்றி ஒன்று, அதன் பின்னால் நம் ஊர் எக்ஸ்டென்ஷன் பலகை ஒன்று. இதுதான் மலிவான வழி.

வயர்லெஸ் மைக்கில்தான் பலர் மாட்டிக்கொள்கிறார்கள். வானொலி அலை அனுப்பும் சாதனங்களுக்கு அங்கே கிதெகி என்னும் சான்று முத்திரை வேண்டும். இந்தியாவில் வாங்கிய யுஹெச்எஃப் செட் அங்கே உரிமம் தேவைப்படும் அலைவரிசையில் இருக்கக்கூடும். கிதெகி முத்திரை உள்ள 2.4 கிகாஹெர்ட்ஸ் மைக்கை எடுங்கள். உடலில் மாட்டும் டிரான்ஸ்மிட்டரே தன்னுள் பதிவு செய்யும் வகையாக இருக்கட்டும், ஏனென்றால் ப்ரூவரி முழுக்க ஸ்டீல் தொட்டிகள். ப்ரூவர் ஒரு தொட்டிக்குப் பின்னால் போனாலே சிக்னல் அறுந்துவிடும்.

சேமிப்புக்கு ஒரு கணக்கு: விநாடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் எடுத்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிபி. நாளுக்கு மூன்று மணி நேரம், பதினான்கு நாள் என்றால் சுமார் 1.9 டிபி. 2 டிபி டிஸ்க் கழுத்துவரை நிரம்பிவிடும். 4 டிபி டிஸ்க் இரண்டு வாங்கி, ஒன்றை எப்போதும் வேறு பையில் வையுங்கள்.

பெரிய பெட்டியோடு தோக்காய்தோ ஷின்கான்செனில் ஏறினால், நீளம் அகலம் உயரம் கூட்டி 160 சென்டிமீட்டரைத் தாண்டும் பெட்டிக்குப் பெரிய சாமான் வைக்கும் இடத்தோடு கூடிய இருக்கையை முன்பதிவு செய்ய வேண்டும். ட்ரைபாடை தக்யூபின் கூரியரில் அடுத்த ஊர் விடுதிக்கு அனுப்பிவிடலாம். லித்தியம் பேட்டரிகளையும் டிஸ்க்குகளையும் மட்டும் கையை விட்டு நழுவ விடாதீர்கள்.

6. ஐம்பதா, அறுபதா

ஜப்பானில் மின்சாரம் இரண்டு விதம். தோக்கியோ உட்பட கிழக்கில் 50 ஹெர்ட்ஸ், ஒசாகா, கியோத்தோ உட்பட மேற்கில் 60 ஹெர்ட்ஸ். கோடு ஷிசுவோகாவின் ஃபுஜி ஆற்றிலிருந்து நீகாதாவின் இதோய்காவா வரை ஓடுகிறது. ட்யூப் லைட்டும் மலிவான எல்இடியும் இந்த எண்ணைப்போல் இரு மடங்கு வேகத்தில் துடிக்கும்: கிழக்கில் விநாடிக்கு 100 முறை, மேற்கில் 120 முறை. கண்ணுக்குத் தெரியாது. ஃபிரேமில் கருப்புப் பட்டையாக ஏறி இறங்கும்.

படம் முழுவதையும் 23.976 ஃபிரேமில் எடுங்கள். ஷட்டரை மட்டும் ஊருக்கேற்ப மாற்றுங்கள். கிழக்கில் 1/50, மேற்கில் 1/60. ஒரு ஃபிரேம் திறந்திருக்கும் நேரத்துக்குள் முழுசாக இரண்டு துடிப்பு அடங்க வேண்டும் என்பதே காரணம்.

மெதுவியக்கத்தில்தான் எல்லோரும் இடறுகிறார்கள். 120 ஃபிரேம் என்றால் ஒரு ஃபிரேமின் ஆயுள் 1/120 விநாடி. கிழக்கில் ஒரு துடிப்புக்கே 1/100 விநாடி வேண்டும். எந்த ஷட்டரிலும் சரிவராது. அங்கே மெதுவியக்கம் வேண்டுமென்றால் அறை விளக்கை அணைத்துவிட்டு உங்கள் எல்இடியில் எடுங்கள், அல்லது ஜன்னல் வெளிச்சத்தில் எடுங்கள். ஒசாகாவில் 1/120 ஷட்டர் வைத்தால் தப்பித்துவிடலாம்.

சோதிக்க வழி எளிது. உள்ளே போனதும் ஷட்டரை 1/1000-க்குத் தள்ளி வெள்ளைச் சுவரைப் பாருங்கள். பட்டை ஓடினால் அந்த விளக்கு துடிக்கிறது. ஓடாவிட்டால் நிம்மதியாக வேலையைத் தொடங்கலாம்.

7. உள்ளே போகும் காலை

முந்தைய நாளிலிருந்தே நாத்தோ சாப்பிடாதீர்கள். விடுதிக் காலை உணவில் அந்தப் புளித்த சோயா பெரும்பாலும் இருக்கும். அதிலுள்ள பாக்டீரியா வெப்பத்துக்கும் சாகாத வித்துகளை உண்டாக்குவது. சாகே வீட்டில் அது, அரிசியில் வளர்க்கும் கோஜிப் பூஞ்சைமேல் படிந்தால் மொத்தமும் கெட்டது. பீர் மட்டும் செய்யும் இடத்தில் இந்தக் கெடுபிடி குறைவு, ஆனால் சாகேயும் பீரும் ஒரே கூரைக்கடியில் இருக்கும் இடங்களில் வாசலிலேயே கேட்பார்கள்.

உங்கள் ஊரிலிருந்து ஏதாவது சின்னப் பரிசு எடுத்துப் போங்கள். எல்லோரும் பகிர்ந்து சாப்பிடும்படி தனித்தனியாகச் சுற்றிய இனிப்போ முறுக்கோ நல்லது. முகவரிச் சீட்டை இரு கையால் கொடுத்து, வாங்கியதை உடனே பாக்கெட்டில் திணிக்காமல் படியுங்கள். அதில் உள்ள பதவிதான் பிறகு திரையில் பெயர்ப்பட்டையாக வரப்போகிறது. எழுத்துப்பிழை இல்லாமல் அப்போதே படமெடுத்து வைத்துக்கொள்ளலாம்.

கேமராவைப் பையிலேயே மூடி முப்பது நிமிடம் காய்ச்சும் அறையில் வையுங்கள். குளிரிலிருந்து வந்த லென்ஸைச் சூடான ஈரக் காற்றில் திறந்தால் உள்பக்கமே பனித்துவிடும். இதே காரணத்துக்காகக் குளிர்பதன அறையைக் கடைசியில் எடுங்கள். காலையில் அங்கே நுழைந்து, அப்படியே கொப்பரைக்கு ஓடினால் அரை மணி நேரம் போச்சு.

8. ஷிகோமி நாள்

நேரம் இடத்துக்கு இடம் மாறும், வரிசை மாறாது. ஏழரைக்கு மால்ட் அரைப்பு. 1,000 லிட்டர் பீருக்குச் சுமார் 200 கிலோ மால்ட், அதாவது 25 கிலோ மூட்டை எட்டு. எட்டையும் ஒருவரே தூக்கிக் கொட்டுவார். அதை வெட்டாமல் எடுத்து வையுங்கள், எடிட்டில் இந்த வேலையின் கனத்தைச் சொல்ல வேறு எதுவும் இதற்கு ஈடாகாது. அரைக்கும் இடத்தில் லென்ஸ் கழற்றக்கூடாது. தானியத் தூசி தீப்பற்றக்கூடியது, சூடேறும் விளக்குகளை அங்கே கொண்டுபோகவே கூடாது.

பிறகு 65 முதல் 68 டிகிரி வெந்நீரில் மால்ட்டைக் கலந்து ஏறக்குறைய ஒரு மணி நேரம் ஊறவிடுவார்கள். நாளிலேயே அமைதியான நேரம் இதுதான். ப்ரூவரோடு நின்றபடி பேச வேண்டியதை இங்கே பேசிவிடுங்கள். கொதி தொடங்கியதும் புகைபோக்கி மின்விசிறி ஓடும், ஒலி பயன்படாது, அவருடைய கண்ணும் பொங்கி வழியும் நுரைமேல் இருக்கும்.

கொதி 60 முதல் 90 நிமிடம். ஹாப்ஸ் போடும் நிமிடங்களை முன்பே கேட்டு உள்ளங்கையில் எழுதிக்கொள்ளுங்கள். பச்சை உருண்டைகள் விழுந்ததும் நுரை எழும்பும். ஒரே வாய்ப்பு. ஆவி எந்தப் பக்கம் போகிறதோ அதற்கு எதிர்ப்பக்கம் நில்லுங்கள், முப்பது விநாடி முன்பே பதிவைத் தொடங்குங்கள்.

பலர் தவறவிடுவது சக்கை அள்ளுவதை. கொதி நடக்கும்போதே இன்னொரு பக்கம் மால்ட் சக்கையைத் தொட்டியிலிருந்து மண்வெட்டியால் இழுத்துப் போடுவார்கள். நீர் குடித்துக் கனத்த, ஆவி பறக்கும் சக்கை. பல இடங்களில் மாட்டுத் தீவனமாகப் பக்கத்துப் பண்ணைக்குப் போகும். வண்டி வரும் நேரத்தையும் கேட்டு வையுங்கள்.

மதியத்துக்கு மேல் வோர்ட்டை, அதாவது மால்ட் ஊறி வந்த இனிப்புச் சாற்றை, குளிரவைத்து ஈஸ்ட் சேர்ப்பது, பிறகு கழுவுவது. கழுவ காஸ்டிக் சோடாவும் பெரசெடிக் அமிலமும் ஓடும். கண்ணாடி அணியுங்கள், குழாய் இணைப்புகளுக்கு நேராக முகத்தை வைக்காதீர்கள். காலியான தொட்டியின் திறப்புக்குள் எட்டிப் பார்த்து ஷாட் எடுக்கும் ஆசை எல்லோருக்கும் வரும். உள்ளே கார்பன் டை ஆக்சைடு தேங்கியிருக்கும், இரண்டு மூச்சில் ஆளைச் சாய்த்துவிடும். குச்சியில் சின்ன கேமராவைக் கட்டி இறக்குங்கள், அதுவும் கேட்டுவிட்டு.

9. புளிக்கும் நாட்கள்

மூடிய ஸ்டீல் தொட்டிக்குள் என்ன நடக்கிறது என்று பார்க்க முடியாது. வெளியே ஒரு குழாய் இறங்கி ஒரு வாளித் தண்ணீருக்குள் போகும். அந்த வாளிதான் உங்கள் காட்சி. மேக்ரோ லென்ஸைத் தண்ணீர் மட்டத்துக்குக் கொண்டுவாருங்கள். முதல் நாள் மாலை ஒன்றும் இராது. மறுநாள் காலை ஒரு குமிழி, நிதானமாக இன்னொன்று. மூன்றாம் நாள் வாளி கொதிப்பதுபோல் பொரியும், சில சமயம் பழுப்பு நுரையும் குழாய் வழியே வந்து விழும். ஐந்தாம் நாள் மறுபடி எண்ணக்கூடிய அளவுக்கு இறங்கும். தினமும் ஒரே இடம், ஒரே லென்ஸ், இரண்டு நிமிடம். லேப்பல் மைக்கை வாளி விளிம்பில் ஒட்டி ஒலியையும் எடுங்கள். வெளிக்குரலே தேவைப்படாமல் நாட்கள் கழிவது புரியும்.

இதோடு இன்னொன்றையும் சேருங்கள். ப்ரூவர் தினமும் கொஞ்சம் எடுத்து அடர்த்தி பார்ப்பார். கரைந்த சர்க்கரையைக் காட்டும் பிளாட்டோ அளவில் 12-இல் தொடங்கியது 3-க்கு இறங்கினால் சுமார் 4.8 சதவீத ஆல்கஹால். கருவி மிதக்கும் எண்ணை நாள்தோறும் ஒரே ஃபிரேமில் பிடியுங்கள்.

காற்றோட்டமில்லாத அறையில் தொட்டியடியில் தரையில் படுத்து எடுக்காதீர்கள். புளிக்கும்போது வரும் கார்பன் டை ஆக்சைடு காற்றைவிடக் கனம், கீழேதான் தங்கும்.

10. பேட்டி

உட்காரவைத்து எடுக்கும் பேட்டியைக் காய்ச்சும் நாளில் வைக்காதீர்கள். குளிரூட்டும் கம்ப்ரசரின் இரைச்சல் இல்லாத அறை கேளுங்கள். அதை அணைக்கச் சொல்வது புளிக்கும் பீரின் வெப்பத்தோடு விளையாடுவது. பத்து நிமிடம் முடியுமா என்று கேட்கலாம், தயங்கினால் விட்டுவிடுங்கள்.

கேள்விகளை முன்கூட்டியே அனுப்பச் சொல்வார்கள். அனுப்புங்கள். தயாரித்த பதில்கள் விறைப்பாகத்தான் வரும். அவற்றை முதல் இருபது நிமிடத்தில் வாங்கிக்கொள்ளுங்கள், மரியாதைக்கும் பெயர்களைச் சரிபார்க்கவும் அவை பயன்படும். பிறகு அவர் கையில் ஒரு வேலையைக் கொடுத்து, குவளை கழுவும்போது, லேபிள் ஒட்டும்போது கேளுங்கள். பதில் முடிந்ததுபோல் இருந்தாலும் ஐந்து விநாடி வாய் திறக்காதீர்கள். நல்ல வாக்கியம் பெரும்பாலும் அந்த மௌனத்துக்குப் பிறகுதான் வரும்.

மொழிபெயர்ப்பாளரை லென்ஸுக்கு ஒட்டி, கண்ணுக்கு நேரே உட்கார வையுங்கள். அவரிடம் ஒன்றை முன்பே சொல்லிவிட வேண்டும்: "ம்" கொட்டக்கூடாது. ஜப்பானியப் பேச்சில் கேட்பவர் வாக்கியத்துக்கு வாக்கியம் "ஹாய், ஹாய், நருஹோதோ" (ஆமாம், ஆமாம், அப்படியா) என்பது நல்ல பழக்கம். அதற்கு ஐசுச்சி என்று பெயர். நேரில் இனிமை, ஒலிப்பதிவில் ஒவ்வொரு வெட்டும் கெடும். தலையை மட்டும் ஆட்டச் சொல்லுங்கள். அந்த "ஹாய்" சம்மதம் என்றும் எண்ணிவிடாதீர்கள். கேட்டுக்கொண்டிருக்கிறேன் என்பதே அதன் பொருள்.

பேசி, பிறகு மொழிபெயர்த்து என்று போனால் ஒரு மணி நேரப் பேட்டியில் பாதிதான் பதிலாக இருக்கும். தோனோ போன்ற வடகிழக்கு ஊரில் முதிய விவசாயியின் வட்டார வழக்கு தோக்கியோக்காரருக்கே பிடிபடாது. உள்ளூரில் ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

சட்டச் சொற்களில் ஒரு எச்சரிக்கை. லேபிளில் ஹப்போஷு என்று இருந்தால் அது மட்டமான பீர் என்று வெளிக்குரலில் சொல்லிவிடாதீர்கள். அது வரி வகை. 2018 ஏப்ரலிலிருந்து மால்ட் 50 சதவீதத்துக்குக் குறையாமலும், பழம், சான்ஷோ மிளகு, மிசோ, கொம்பு கடற்பாசி, கட்சுவோபுஷி என்னும் உலர்மீன் சீவல் போன்ற அனுமதித்த பொருட்கள் மால்ட் எடையில் 5 சதவீதத்துக்கு மேற்படாமலும் இருந்தால் பீர். யூசு பழத்தை அள்ளிப் போட்ட அருமையான ஏல் அதைத் தாண்டினால் ஹப்போஷு. உரிமமும் வேறு: பீருக்கு ஆண்டுக்குக் குறைந்தது 60 கிலோலிட்டர், ஹப்போஷுவுக்கு 6. சின்ன இடங்கள் ஏன் இரண்டாவதை எடுக்கின்றன என்பது இந்த இரண்டு எண்ணிலேயே இருக்கிறது.

11. குடிக்கும் இடம்

பண்பாட்டைக் காட்டுகிறேன் என்று சிவப்பு வாயிலையும் காகித விளக்கையும் தேடி அலையாதீர்கள். மாலை ஏழு மணிக்கு ஒரு மேசையின் முதல் ஆர்டரைப் பிடித்தால் போதும். சாதாரண இசகாயாவில் "தொரிஆயெஸு பீரு", இப்போதைக்கு பீர், என்று ஒருவர் சொல்ல, எல்லோருக்கும் ஒரே பீர் வரும். புட்டியை இரு கையால் பிடித்து ஒருவர் மற்றவருக்கு ஊற்றுவார். கான்பாய் (சியர்ஸ்) சொல்லும்வரை யாரும் வாய் வைக்கமாட்டார்கள். கிராஃப்ட் பீர் கடையில் ஆளுக்கொரு பீர், குழாயிலிருந்து குவளைக்கு. ஊற்றிக் கொடுக்கும் சடங்கே இல்லை. வருவதும் வேறு வேறு நேரத்தில். முதலில் வந்தவர் நுரை அடங்குவதைப் பார்த்தபடி மற்றவர்களுக்காகக் காத்திருப்பார். அந்தக் காத்திருப்பில் உங்கள் படமே இருக்கிறது.

கடையைத் திறக்கும் முன், மூன்றிலிருந்து ஐந்து மணிக்குள் போய் இடம் பாருங்கள். பாட்டை நிறுத்தச் சொல்லுங்கள். பின்னணியில் பாட்டு ஓடினால் பேச்சை வெட்ட முடியாது, உரிமைத் தொல்லையும் சேரும். வாசலில் படப்பிடிப்பு நடக்கிறது என்று அறிவிப்பு வையுங்கள். கேமராவில் விழ விரும்பாதவர்களுக்கு ஒரு பக்கத்தை ஒதுக்குங்கள். ஷோசோகென் என்னும் உருவ உரிமையை அங்கே கவனமாகப் பார்ப்பார்கள். அடையாளம் தெரியும் ஒவ்வொருவரிடமும் ஜப்பானிய மொழியில் உள்ள சம்மதப் படிவத்தில் அன்றே கையெழுத்து. குடிப்பவர் 20 வயது நிரம்பியவராக இருக்க வேண்டும்.

கார் ஓட்டுகிறவர் ஒரு சொட்டும் சுவைக்கக்கூடாது. குடித்தவர் ஓட்டினால், தெரிந்தே கூட உட்கார்ந்து வந்தவருக்கும், ஊற்றிக் கொடுத்தவருக்கும் அங்கே தண்டனை உண்டு. ப்ரூவரியில் "ஒரு வாய்" என்று நீட்டினால் ஓட்டுநர் என்று சொல்லுங்கள், யாரும் வற்புறுத்தமாட்டார்கள்.

குவளையின் நெருக்கக் காட்சிக்கு ஒரே தந்திரம்: பின்னாலிருந்து ஒளி. குவளை வடிவில் வெட்டிய வெள்ளை அட்டையை அதன் பின்னால் மறைத்து வைத்து, அதன்மேல் எல்இடி. எண்ணெய்ப் பிசுக்கு இருந்தால் குமிழிகள் கண்ணாடிச் சுவரில் ஒட்டி நிற்கும், நுரையும் படுத்துவிடும். பார்க்கிறவர் பீரைக் குறை சொல்வார். கடைக்காரரையே கழுவித் தரச் சொல்லுங்கள்.

12. எடிட்டிங், சப்டைட்டில்

முதலில் ஜப்பானியர் ஒருவரைக் கொண்டு நேரக்குறிப்போடு முழுப் பேச்சையும் எழுத்தாக்குங்கள். பிறகுதான் மொழிபெயர்ப்பு. ஆங்கிலம் வழியாகச் சுற்றி வராதீர்கள். ஜப்பானியத்தில் வினை கடைசியில் வரும், தமிழிலும் அப்படித்தான். "போன வருஷம் பனியில் விழுந்த கொடியில் பறித்த ஹாப்ஸ்" என்ற அடுக்கு இரண்டு மொழியிலும் ஒரே வரிசையில் நிற்கும். ஆங்கிலம் அதைத் தலைகீழாக்கும். திரும்பத் தமிழுக்கு வரும்போது பேசுபவர் வாய் ஒன்று சொல்ல, எழுத்து வேறொன்றைக் காட்டும்.

ஆபத்தும் அங்கேதான். மறுப்பும் கடைசியில்தான் வரும். "உள்ளூர் ஹாப்ஸில் செய்தால்தான் நல்ல பீர்" என்று நீளமாகச் சொல்லி, மூச்சு விட்டு, "வகே தேவா நை", அதாவது "என்றில்லை" என்று முடிப்பார். மொழி தெரியாத எடிட்டர் அந்த மூச்சில் வெட்டினால் அவர் சொன்னதற்கு நேர் எதிரானது திரையில் போகும். எல்லா வெட்டையும் பூட்டும் முன் மொழிபெயர்ப்பாளரைக் கூட உட்காரவைத்து ஒருமுறை ஓட்டுங்கள்.

வரிக்கு நான்கைந்து சொல், இரண்டு வரிக்கு மேல் வேண்டாம். தமிழ்ச் சொற்கள் நீளம், வாசிக்க நேரம் கொடுங்கள்.

13. காட்டுவதும் வெளியிடுவதும்

வெளியிடும் முன் பார்க்கத் தருமாறு ப்ரூவரி கேட்கும். வெப்பநிலை, பெயர், செய்முறை போன்ற தகவல்களைச் சரிபார்க்க மட்டும், வெட்டச் சொல்லும் உரிமை இல்லை என்று சம்மதப் படிவத்திலேயே எழுதியிருக்க வேண்டும். கடைசியில் சொன்னால் மனத்தாங்கல்.

ப்ரூவரியிடம் பணமோ இலவசத் தங்குமிடமோ வாங்கியிருந்தால் படத்திலேயே சொல்லிவிடுங்கள். இந்தியத் தொலைக்காட்சியில் மது விளம்பரத்துக்குத் தடை இருப்பதால், ப்ரூவரி பணத்தில் எடுத்த படம் விளம்பரமாகவே பார்க்கப்படும்.

இங்கே திரையரங்கில் காட்டத் தணிக்கைச் சான்று வேண்டும், குடிக்கும் காட்சிகளில் எச்சரிக்கை வாசகமும் வரும். அது திரையின் அடியில், உங்கள் சப்டைட்டில் இருக்கும் அதே இடத்தில் உட்காரும். பீர்ப் படத்தில் பாதிக் காட்சி அப்படிப்பட்டது. ஆகவே தொடக்கத்திலிருந்தே சப்டைட்டிலை ஒரு வரி மேலே ஏற்றி அமையுங்கள், இடது கீழ் மூலையில் பெயர்ப்பட்டை எதையும் வைக்காதீர்கள்.